ஜெர்மன் ஹெர்ரிங் சாலட்: உப்பு மீனை ஊறவைப்பது முதல் பரிமாறுவது வரை

ஹெர்ரிங் என்பது வடக்குக் கடல்களில் பிடிபடும் கொழுப்பு மிகுந்த ஒரு மீன். முதல் முறை செய்பவர்களின் ஹெர்ரிங் சாலட் பெரும்பாலும் இரண்டு விதத்தில் கெட்டுப்போகும். ஒன்று, வாயில் வைக்க முடியாதபடி உப்புக் கரிக்கும். இல்லாவிட்டால் கிண்ணத்தின் அடியில் இளஞ்சிவப்புத் தண்ணீர் தேங்கி, மேலே இருப்பது சப்பென்று இருக்கும். இரண்டுக்குமான காரணம் கலப்பதற்கு முந்தைய நாளே உருவாகிவிடுகிறது. மீனிலிருந்து உப்பைத் தேவையான அளவுக்கு எடுப்பதும், கிண்ணத்தில் சேரும் ஒவ்வொரு பொருளையும் ஆறவைத்து ஈரம் போகத் துடைப்பதும்தான் இந்தச் சமையலின் உண்மையான வேலை. மற்றதெல்லாம் நறுக்குவதும் கலப்பதும்தான்.

இங்கே சொல்லப்போவது பீட்ரூட் சேர்த்த சிவப்பு வகை. ஜெர்மனியில் ரோட்டர் ஹேரிங்ஸ்ஸலாட் என்று கேட்டால் கிடைப்பது இது. ரைன்லாந்திலும் வெஸ்ட்ஃபாலியாவிலும் வடக்குக் கடற்கரைப் பகுதிகளிலும் கிறிஸ்துமஸுக்கு முந்தைய இரவு, டிசம்பர் 31 இரவு, தவக்காலம் தொடங்கும் சாம்பல் புதன் ஆகிய நாட்களில் மேசைக்கு வரும். கடலிலிருந்து தொலைவில் இருக்கும் ஊர்களிலும் இது பண்டிகை உணவாக இருப்பதற்குக் காரணம் உப்புதான். லூனெபுர்க் நகரத்து உப்பை லூபெக் வணிகர்கள் தெற்கு ஸ்வீடனின் ஸ்கோனே கரைக்குக் கொண்டுபோய், அங்கே பிடித்த ஹெர்ரிங்கைப் பீப்பாய்களில் உப்பிட்டு ஐரோப்பா முழுவதும் விற்றார்கள். இறைச்சி விலக்கப்பட்ட நோன்பு நாட்களில் உள்நாட்டு மக்களுக்குக் கைக்கெட்டிய மீன் அது. குளிர்காலத்தில் நிலவறையில் இருந்த பீட்ரூட், உருளைக்கிழங்கு, ஆப்பிள், ஜாடியில் போட்ட வெள்ளரி ஆகியவை அதோடு சேர்ந்துகொண்டன. ஸ்வீடனிலும் பின்லாந்திலும் கிறிஸ்துமஸ் மேசையில் இதன் நெருங்கிய உறவுகளைப் பார்க்கலாம்.

எப்போது தொடங்குவது

31ஆம் தேதி இரவு பரிமாற வேண்டுமென்றால், முழு உப்பு மீன் 29ஆம் தேதி மாலையே தண்ணீரில் இறங்க வேண்டும். 30ஆம் தேதி பகலில் பீட்ரூட், உருளைக்கிழங்கு, முட்டை வேகும். அன்று மாலை நறுக்கிக் கலந்து குளிர்சாதனப் பெட்டியில் வைத்துவிட்டால், மறுநாள் மாலை சுவை சரியான நிலையில் இருக்கும். மாட்யெஸ் எனப்படும், மிதமான உப்பில் பக்குவமான இளம் ஹெர்ரிங்கின் ஃபில்லெட் (முள் நீக்கிய சதை) வாங்கினால் முதல் நாள் வேலை மிச்சம்.

எந்த மீன்

இந்த ஒரு தேர்வில்தான் அதிகம் தடுமாறுகிறார்கள். கடையில் ஹெர்ரிங் என்ற பெயரில் நாலைந்து பொருள்கள் அருகருகே இருக்கும். அவற்றின் உப்பும் புளிப்பும் ஒன்றுக்கொன்று தொடர்பில்லாதவை.

ஸால்ட்ஸ்ஹேரிங் என்பது முழு மீனைக் கடும் உப்பில் வைத்துப் பதப்படுத்தியது. பழைய முறை சாலடுக்கு இதுதான் அடிப்படை. கருவாடு போல உலர்த்தியது அல்ல. உப்புநீரிலேயே ஈரமாக இருக்கும், சதை வளைந்துகொடுக்கும். ஜெர்மன் பல்பொருள் அங்காடிகளில் இப்போது அரிது. மீன் கடைகளிலும், ரஷ்ய, போலந்துப் பொருள்கள் விற்கும் கடைகளிலும் வாளிகளில் கிடைக்கும்.

மாட்யெஸ் என்பது கோடையின் தொடக்கத்தில், சினை வளர்வதற்கு முன், கொழுப்பு ஏறிய நிலையில் பிடித்த இளம் ஹெர்ரிங். குடலை எடுக்கும்போது கணையத்தை மட்டும் உள்ளே விட்டுவிடுவார்கள். அதிலுள்ள நொதிகள் மிதமான உப்பில் சதையைப் பக்குவப்படுத்தி, வெண்ணெய் போல மென்மையாக்குகின்றன. எல்பே ஆற்றங்கரையிலுள்ள குளூக்ஷ்டாட் நகரம் இதற்குப் பேர்போனது. உறையில் ‘நோர்டிஷர் ஆர்ட்’ என்று எழுதியிருந்தால் அது நொதியால் நிதானமாகப் பக்குவமானது அல்ல. அமிலமும் சர்க்கரையும் சேர்த்து வேகமாகத் தயாரித்தது. சாலடுக்கு அதுவும் உதவும், ஆனால் இனிப்பைக் குறைத்துக்கொள்ள வேண்டும்.

பிஸ்மார்க்ஹேரிங் வினிகரில் ஊறியது. இதைப் போட்டால் சாலட் முழுக்க வினிகர் மணம்தான் நிற்கும், சதையும் விறைப்பாக இருக்கும். வேறு வழியில்லை என்றால் கழுவித் துடைத்துப் பயன்படுத்தலாம். அப்போது சாஸில் வினிகரை அறவே விட்டுவிடுங்கள். தக்காளிச் சாற்றில் டின்னில் அடைத்த ஹெர்ரிங், புகையூட்டியது, வறுத்து ஊறவைத்தது ஆகியவை இதற்கு ஆகாது.

புதியவர்களுக்கு எங்கள் பரிந்துரை: முதல் முறை எண்ணெயில் இட்ட சாதாரண மாட்யெஸ் ஃபில்லெட். சுவை கைவந்த பிறகு முழு உப்பு மீனுக்குப் போங்கள்.

பச்சை ஹெர்ரிங்கையோ நம் ஊர் மத்தியையோ வாங்கி வீட்டில் உப்பிட்டு, வேகவைக்காமல் இதில் சேர்க்க வேண்டாம். ஹெர்ரிங்கில் அனிசாகிஸ் என்ற புழு சாதாரணமாகக் காணப்படுகிறது; மிதமான உப்பும் வினிகரும் அதைக் கொல்லாது. அதனால்தான் ஐரோப்பிய ஒன்றியத்தில் இத்தகைய மீனை விற்பதற்கு முன், சதையின் நடுப்பகுதிவரை −20 டிகிரி செல்சியஸில் குறைந்தது 24 மணி நேரமாவது உறையவைக்க வேண்டும் என்று விதி இருக்கிறது. வீட்டு உறைபெட்டியில் மீனின் நடுப்பகுதி அந்தக் குளிரை எப்போது எட்டுகிறது என்று பார்க்க வழியில்லை. கடையில் பதப்படுத்தி விற்பதை வாங்குவதே பாதுகாப்பு. மாட்யெஸ் வேகாத மீன் என்பதால் கர்ப்பிணிகள் இதைத் தவிர்ப்பது நல்லது.

அளவுகள், எட்டுப் பேருக்கு

- எலும்பும் தோலும் நீக்கிய ஹெர்ரிங் 400 கிராம் (முழு உப்பு மீன் என்றால் 4)
- வெந்த பீட்ரூட் 400 கிராம்
- வெந்த உருளைக்கிழங்கு 300 கிராம்
- புளிப்பான ஆப்பிள் 2, சுமார் 250 கிராம்
- வினிகரில் ஊறிய வெள்ளரி 150 கிராம்
- வெங்காயம் 1, சுமார் 100 கிராம்
- வெந்த மாட்டிறைச்சி அல்லது கன்றிறைச்சி 150 கிராம் (விரும்பினால்)
- முட்டை 3
- வால்நட் பருப்பு 50 கிராம்

சாஸுக்கு: மயோனைஸ் 100 கிராம், புளித்த கிரீம் 150 கிராம், வெள்ளரி ஜாடியின் நீர் 3 மேசைக்கரண்டி, கடுகு விழுது 1 தேக்கரண்டி, சர்க்கரை 1 தேக்கரண்டி, பொடித்த மிளகு. உப்பு இந்தப் பட்டியலில் மறந்துபோய் விடப்படவில்லை. அதைப் பற்றிய முடிவு கடைசியில்தான்.

கிரீமில் ஸவுரெ ஸானெ என்பது சுமார் 10 சதவீதக் கொழுப்பு, ஷ்மண்ட் அதைவிட இரண்டு மடங்குக்கும் மேல். இந்தச் சாலடுக்கு ஷ்மண்ட் நல்லது. கெட்டியாக இருப்பதால் பீட்ரூட் விடும் சாற்றைத் தாங்கும். மயோனைஸ் கடையில் வாங்கியதே போதும். பச்சை மஞ்சள்கருவில் வீட்டில் அடித்ததை ஓர் இரவு முழுக்க வைத்திருப்பது சரியல்ல.

உப்பு மீனை ஊறவைத்தல்

மீனை ஓடும் குளிர்ந்த நீரில் கழுவி, அகலமான பாத்திரத்தில் வைத்து, மீனின் எடையைப் போல நாலைந்து மடங்கு குளிர்ந்த நீர் ஊற்றுங்கள். பாத்திரம் குளிர்சாதனப் பெட்டிக்குள்தான் இருக்க வேண்டும். வெதுவெதுப்பான நீரில் உப்பு வேகமாக இறங்குவது உண்மைதான்; கூடவே கொழுப்பு இளகிச் சதை உதிரும், கிருமிகளும் பெருகும். ஹெர்ரிங் குளிர்ச்சி குலைந்தால் ஹிஸ்டமின் உண்டாகும் மீன்களில் ஒன்று. அது வந்துவிட்டால் சமைத்தாலும் போகாது.

ஊறும் நேரம் 12 முதல் 24 மணி. அதற்குள் மூன்று நான்கு முறை நீரை மாற்றுங்கள். நீரை மாற்றாமல் 24 மணி நேரம் போட்டுவைத்தால் மீனிலும் நீரிலும் உப்பு சமமாகி அப்படியே நின்றுவிடும். நேரம் போனதுதான் மிச்சம். கடைசி 2 மணி நேரம் நீருக்குப் பதில் பாலிலோ மோரிலோ வைத்தால் உப்பின் காரமும் மீன் வாடையும் தணியும்.

12 மணி நேரம் ஆனதும் சுவைத்துப் பாருங்கள். தலைக்கு அடுத்த முதுகுச் சதையில் ஒரு சிறு துண்டு வெட்டுங்கள். வால் பக்கம் மெல்லியது, அங்கே உப்பு சீக்கிரம் இறங்கிவிடும்; அதை நம்பினால் நடு மீன் கரிக்கும். தனியாகச் சாப்பிட்டால் ‘கொஞ்சம் உப்பு அதிகம்’ என்று தோன்ற வேண்டும். அந்த அளவில் நிறுத்துங்கள். உருளைக்கிழங்கிலும் பீட்ரூட்டிலும் உப்பே இல்லை, சாலட் முழுமைக்கும் உப்புக் கொடுக்கப்போவது இந்த மீன். தனியாகச் சாப்பிடும்போதே சரியாக இருக்குமளவு ஊறிவிட்டால், சதை நீரை உறிஞ்சிச் சக்கையாகி, கலந்த பிறகு சாலடில் மீன் இருக்கும் சுவடே தெரியாது. பிறகு மேலே தூவும் உப்பு அதை ஈடுசெய்யாது.

மாட்யெஸ் என்றால் முதலில் சுவைத்துப் பாருங்கள். பெரும்பாலும் ஊறவைக்கவே தேவையில்லை. கடுமையாக இருந்தால் அரை மணி முதல் ஒரு மணி நேரம் பாலில் போட்டு எடுங்கள்.

மீனைச் சுத்தம் செய்தல்

ஊறிய பிறகுதான் முழு மீனை வெட்ட வேண்டும். தோலும் முள்ளும் அப்போது எளிதாகப் பிரியும். செவுளுக்குப் பின்னால் தலையை நறுக்கி, வயிற்றைப் பிளந்து உள்ளே இருப்பதை எடுங்கள். விலா ஓரத்தில் ஒட்டியிருக்கும் கறுப்புச் சவ்வைக் கத்தியின் பின்புறத்தால் சுரண்டிவிடுங்கள். அதை விட்டால் கசக்கும். முதுகில் துடுப்பின் இருபுறமும் கீறி, தலைப் பக்கத்தில் தோலின் நுனியைப் பிடித்து வால் நோக்கி இழுத்தால் உறை போலக் கழன்று வரும். பிறகு முதுகுக் கீறலில் கட்டைவிரலை நுழைத்து நடுமுள்ளின் மேலாக ஓட்டிச் சதையைப் பிரிக்கலாம். மயிரிழை போன்ற சிறுமுள்கள் எல்லாவற்றையும் எடுக்க முடியாது. உப்பில் இருந்து மென்மையானவை என்பதால் நறுக்கிய பிறகு நாக்கில் தட்டுப்படுவதில்லை. தலையிலிருந்து வாலுக்கும் வாலிலிருந்து தலைக்கும் விரலால் தடவி, குத்துபவற்றை மட்டும் இடுக்கியால் பிடுங்குங்கள்.

ஆண் மீனின் வயிற்றில் வெண்மையான, வழுவழுப்பான விந்துப்பை இருந்தால் எறிந்துவிடாதீர்கள். பழைய ஜெர்மன் சமையலில் அதையும் மீனோடு ஊறவைத்து, சல்லடையில் தேய்த்து, வினிகரோடு அடித்துச் சாஸில் சேர்ப்பார்கள். சாஸுக்கு ஆழமும் கெட்டித்தன்மையும் தருவது அது. மயோனைஸ் வந்த பிறகு இந்த வழக்கம் மறைந்துகொண்டிருப்பது வருத்தத்துக்குரியது. கிடைத்தால் ஒரு முறையாவது செய்து பாருங்கள். மயோனைஸைப் பாதியாகக் குறைத்துக்கொள்ளலாம்.

சுத்தம் செய்த ஃபில்லெட்டுகளைச் சமையலறைத் தாளில் இருபுறமும் அழுத்தி ஒற்றி, ஒன்றரை சென்டிமீட்டர் துண்டுகளாக நறுக்குங்கள். மாட்யெஸ் எண்ணெயில் இருந்தால் எண்ணெயையும் ஒற்றி எடுக்க வேண்டும். எண்ணெய் பூசிய துண்டில் சாஸ் பிடிக்காமல் வழுக்கும்.

காய்களும் மற்றவையும்

பீட்ரூட்டைத் தோலோடு, வால் வேரை வெட்டாமல், தண்டில் 2 சென்டிமீட்டர் விட்டு வேகவையுங்கள். தோல் கிழிந்தால் சாயமும் இனிப்பும் நீரில் போய்விடும். நடுத்தர அளவுக்கு 45 முதல் 60 நிமிடம்; கத்தி தடையில்லாமல் நுழைந்தால் போதும். ஆறியதும் தோலை உரித்து ஒரு சென்டிமீட்டர் கட்டங்களாக நறுக்கி, வடிகூடையில் கால் மணி நேரம் விடுங்கள். ஜெர்மனியில் காய்கறிப் பகுதியில் வெந்த பீட்ரூட் 500 கிராம் உறைகளில் கிடைக்கும், அது தாராளமாகப் போதும். ஜாடியில் வினிகர்–சர்க்கரையில் ஊறியது என்றால் சாஸில் சர்க்கரையை நீக்கி, வெள்ளரி நீரை ஒரு கரண்டியாகக் குறையுங்கள்.

உருளைக்கிழங்கு உதிராத வகையாக இருக்க வேண்டும். ஜெர்மன் கடைகளில் உறை மீது ‘ஃபெஸ்ட்கோகெண்ட்’ என்று இருப்பதை எடுங்கள்; மாவாக உதிரும் ‘மேலிக்கோகெண்ட்’ வகை கிளறும்போதே கூழாகிச் சாலடைப் பசை போல ஆக்கிவிடும். தோலோடு வேகவைத்து, சூட்டிலேயே உரித்து, மூடாமல் ஆறவிட்டு, முழுக்கக் குளிர்ந்த பிறகு நறுக்குங்கள். சூடான கிழங்கில் சாஸ் ஊற்றினால் மயோனைஸ் உடைந்து எண்ணெய் பிரியும்.

ஆப்பிளுக்குப் போஸ்கோப் வகைதான் ஜெர்மன் சமையற்காரர்களின் முதல் தேர்வு. புளிப்பும் உறுதியும் உண்டு. அது இல்லாவிட்டால் பச்சை நிறப் புளிப்பு ஆப்பிள். மாவுபோன்ற இனிப்பு ஆப்பிள் ஓர் இரவில் தளர்ந்துவிடும். நறுக்கியதும் ஒரு கரண்டி வெள்ளரி நீர் தெளித்தால் கறுக்காது.

வெள்ளரியை அரை சென்டிமீட்டருக்கு நறுக்கி, கையால் லேசாகப் பிழியுங்கள். கிண்ணத்தின் அடியில் தேங்கும் நீரில் பெரும்பங்கு இதிலிருந்து வருவது. வாங்கும்போது கெவூர்ட்ஸ்குர்க்கன் (மசாலா சேர்த்து வினிகரில் ஊறிய சிறு வெள்ளரி) வகையைப் பாருங்கள், ஷ்ப்ரேவால்ட் பகுதியில் செய்தது கிடைத்தால் நல்லது.

வெங்காயத்தைப் பொடியாக நறுக்கி வடிகட்டியில் போட்டுக் கொதிநீர் ஊற்றி, உடனே குளிர்ந்த நீர் ஊற்றிப் பிழியுங்கள். இதைச் செய்யாவிட்டால் மறுநாள் காலையில் வெங்காயக் காரம் மீனையும் ஆப்பிளையும் விழுங்கியிருக்கும். பலர் இந்தச் சிறு வேலையைத் தாண்டிப்போகிறார்கள். தாண்டாதீர்கள்.

ரைன்லாந்து முறையில் இறைச்சி உண்டு. முந்தைய நாள் வேகவைத்தோ வாட்டியோ மிஞ்சிய கன்றிறைச்சியை ஒரு சென்டிமீட்டர் கட்டங்களாக நறுக்கிச் சேர்ப்பார்கள். மீனும் இறைச்சியும் ஒரே கிண்ணத்திலா என்று தயங்க வேண்டாம். உப்பு மீனின் கூர்மையை இறைச்சி தாங்கிக்கொள்ளும், சாலட் ஒரு முழு உணவாகிவிடும். மாட்டிறைச்சி உண்ணாத வீடுகளில் இதை விட்டுவிட்டு உருளைக்கிழங்கை 100 கிராம் கூட்டினால் போதும்.

கலக்கும் வரிசை

சாஸுக்குரியவற்றை முதலில் தனியாக அடித்துக்கொள்ளுங்கள். சுவைக்கும்போது தேவையைவிடச் சற்றுக் கூடுதல் புளிப்பாகத் தெரிய வேண்டும். உருளைக்கிழங்கு ஓர் இரவில் புளிப்பை உறிஞ்சிக்கொள்ளும்.

பெரிய கிண்ணத்தில் உருளைக்கிழங்கு, ஆப்பிள், வெள்ளரி, வெங்காயம், இறைச்சி ஆகியவற்றைப் போட்டுச் சாஸில் முக்கால் பங்கை ஊற்றி, அகலக் கரண்டியால் அடியிலிருந்து மேலே புரட்டுங்கள். சுற்றிக் கிளறினால் கிழங்கின் முனைகள் உடையும். பிறகு மீனைச் சேர்த்து இரண்டு மூன்று முறை புரட்டுங்கள். பீட்ரூட் கடைசி. முழுவதும் ஒரே இளஞ்சிவப்பாக வேண்டுமென்றால் நன்றாகப் புரட்டலாம், மரபான தோற்றம் அதுதான். வெள்ளையும் சிவப்பும் தனித்துத் தெரிய வேண்டுமென்றால் பீட்ரூட்டைத் தனிக் கிண்ணத்தில் வைத்திருந்து பரிமாறுவதற்கு முன் சேருங்கள். ஆனால் அப்படிச் செய்தால் பீட்ரூட்டின் மண்வாசம் மற்றவற்றோடு இணங்காமல் நிற்கும். நிறத்தைவிடச் சுவை முக்கியம் என்பவர்கள் முதல் வழியையே பின்பற்றுங்கள்.

உப்பு இப்போதும் வேண்டாம். மூடிக் குளிர்சாதனப் பெட்டியில் குறைந்தது 4 மணி நேரம், முடிந்தால் ஓர் இரவு வையுங்கள். மீனின் உப்பு மெல்ல வெளியேறி மற்றத் துண்டுகளுக்குள் பரவுவதற்கு இந்த நேரம் வேண்டும். கலந்த உடனே சுவைத்து, உப்புப் போதவில்லை என்று தூவியவர்களின் சாலட்தான் மறுநாள் கரிக்கிறது.

மறுநாள் எடுத்துப் புரட்டிச் சுவையுங்கள். பொதுவாகக் குறைவது புளிப்பு. மீதமிருக்கும் சாஸையும் ஒன்றிரண்டு கரண்டி வெள்ளரி நீரையும் சேருங்கள். அதற்குப் பிறகும் குறை தெரிந்தால் மட்டும் ஒரு சிட்டிகை உப்பு. உப்பு மிஞ்சிவிட்டால் சர்க்கரை போட்டு மறைக்கப் பார்க்காதீர்கள். இன்னொரு வெந்த உருளைக்கிழங்கும் அரை ஆப்பிளும் நறுக்கிச் சேர்த்து இரண்டு மணி நேரம் விடுங்கள். அடியில் நீர் தேங்கியிருந்தால் அதை வடித்து, இரண்டு கரண்டி ஷ்மண்ட் கலந்து புரட்டினால் மீண்டும் சேர்ந்துகொள்ளும்.

வால்நட்டைப் பரிமாறும் நேரத்தில்தான் சேர்க்க வேண்டும், முன்பே போட்டால் நமத்துக் கசப்பு விடும். முட்டையை நான்காகப் பிளந்து மேலே அடுக்குங்கள். உள்ளே கலந்தால் வெள்ளைக்கரு சாயமேறி, மஞ்சள்கரு கரைந்து சாஸைக் கலங்கலாக்கும். மேலே கொஞ்சம் சோயிக்கீரை (டில்) தூவலாம்.

பரிமாறுவதும் வைத்திருப்பதும்

வெண்ணெய் தடவிய கறுப்பு ரை ரொட்டி, அல்லது தோலோடு வேகவைத்துச் சூடாக வைத்த உருளைக்கிழங்கு. குளிர்ந்த சாலடும் ஆவி பறக்கும் கிழங்கும் ஒரே தட்டில் இருப்பது வட ஜெர்மனியில் மிகப் பிடித்த சேர்க்கை. இனிப்புக் கலந்த வெள்ளை ரொட்டி ஒத்துவராது.

மேசையில் இரண்டு மணி நேரத்துக்கு மேல் வைக்காதீர்கள். விருந்து நீளும் என்றால் பாதியைப் பெட்டியிலேயே விட்டு இரண்டு தவணையாக எடுங்கள். 5 டிகிரிக்குக் கீழே கலந்த நாளிலிருந்து இரண்டு நாள் இருக்கும். உறையவைத்தால் கிழங்கு மணல் மணலாகும், மயோனைஸ் பிரியும்.

பீட்ரூட் பிடிக்காத வீட்டில் வெள்ளை வகை செய்யலாம். மாட்யெஸ் 400 கிராம், ஆப்பிள் 2, வெள்ளரி 150 கிராம், கொதிநீர் ஊற்றிய வெங்காயம் 1, ஷ்மண்ட் 200 கிராம், அடிக்காத கிரீம் 100 மில்லி, எலுமிச்சைச் சாறு 1 மேசைக்கரண்டி, மிளகு. மயோனைஸும் உருளைக்கிழங்கும் உள்ளே வேண்டாம். கிழங்கு சூடாகப் பக்கத்தில் வரும். இது 3 மணி நேரத்திலேயே தயார்.